எந்த ஆண்டின் கோட்டை?

(வாசிப்பு வட்டக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



வரலாற்றுச் சின்னங்களைப் பாதுகாப்பது பற்றிப் பேசச் சொன்னார்கள். பெரிய தலைப்பு. நான் ஒரே ஒரு கோட்டையை எடுத்துக்கொண்டு பேசுகிறேன். அது அமெரிக்காவில் இருக்கிறது. நான் நேரில் பார்த்ததில்லை, படித்ததை வைத்துத்தான் பேசுகிறேன். அங்கே போவதற்கு முன்னால் நமக்குத் தெரிந்த ஒரு கோட்டை வாசலில் ஒரு நிமிடம் நின்றுவிட்டுப் போவோம்.

1934ஆம் ஆண்டு. அண்ணல் அம்பேத்கரும் சுமார் முப்பது தோழர்களும் எல்லோராவுக்குப் போகும் வழியில் தௌலதாபாத் கோட்டையைப் பார்க்கப் போகிறார்கள். பயணப் புழுதி. கோட்டை வாசலுக்கு வெளியே ஒரு சின்னக் குளம், நிறையத் தண்ணீர். முகம், கை கால் கழுவிக்கொள்கிறார்கள். உடனே ஒரு முதியவர் கத்திக்கொண்டு ஓடி வருகிறார்: தீண்டத்தகாதவர்கள் குளத்தைத் தீட்டாக்கிவிட்டார்கள் என்று. கூட்டம் கூடிவிடுகிறது. அது முஸ்லிம்களின் கூட்டம். இந்துக்குத் தீண்டத்தகாதவர் அடுத்த மதத்தாருக்கும் அப்படியேதான் இருக்கிறார், சாதி அவ்வளவு தூரம் பரவுகிறது என்று காட்டத்தான் 'விசாவுக்காகக் காத்திருத்தல்' குறிப்புகளில் அண்ணல் இதை எழுதினார். கடைசியில் உள்ளே விட்டார்கள். ஆனால் கோட்டைக்குள் எங்கேயும் தண்ணீரைத் தொட்டுவிடக் கூடாது என்று கண்காணிக்க ஆயுதம் ஏந்திய ஒரு சிப்பாயைக் கூடவே அனுப்பினார்கள்.

தௌலதாபாத்தைப் பற்றி எத்தனையோ கதைகள் உண்டு. துக்ளக் தலைநகரை மாற்றிய கதை எல்லோருக்கும் தெரியும். 1934இல் அந்தக் குளத்தங்கரையில் நடந்தது அந்தக் கோட்டையின் வரலாறா, இல்லையா? ஒரு கோட்டையைப் பழுதுபார்த்து, பலகை வைத்து, சீட்டு கொடுத்து நம்மை உள்ளே விடும்போது, அதன் எந்த ஆண்டை நமக்குக் காட்டுகிறார்கள்? இந்தக் கேள்வியோடு அமெரிக்காவுக்குப் போவோம்.

அமெரிக்காவின் வடக்கே மின்னசோட்டா மாநிலம். அங்கே மின்னசோட்டா ஆறு மிசிசிப்பியில் வந்து சேருகிறது. பவானியில் காவிரியும் பவானியும் சேரும் இடத்தை நாம் கூடுதுறை என்கிறோம் இல்லையா, அதேபோல அந்த மண்ணின் பூர்வகுடிகளான டகோட்டா மக்கள் அந்த இடத்தை 'ப்டோட்டே' என்கிறார்கள். இரண்டு நீர் கூடும் இடம் என்று பொருள். தங்கள் மக்கள் தோன்றிய இடமே அதுதான் என்று அவர்களில் பலர் சொல்கிறார்கள். அந்தக் கூடலுக்கு மேலே, செங்குத்தான பாறை மேட்டில் நிற்கிறது ஸ்னெல்லிங் கோட்டை. சுண்ணாம்புக் கல்லால் கட்டியது. வைர வடிவம். வரலாற்று நூல்களில் அதை 'எல்லைப்புறக் கோட்டை' என்று எழுதுவார்கள்.

யாருடைய எல்லை? வாஷிங்டனில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு அது எல்லை. டகோட்டா மக்களுக்கு அதுதான் நடு. நம் ஊரில் தாலுகா அலுவலகத் தாளில் 'புறம்போக்கு' என்று ஒரு சொல்லை எழுதியவுடன், தலைமுறை தலைமுறையாகக் குடியிருந்தவர்கள் ஆக்கிரமிப்பாளர்கள் ஆகிவிடுகிறார்கள். 'எல்லைப்புறம்' என்ற சொல்லும் அந்த வேலையைத்தான் செய்தது.

அந்த நிலம் கைமாறிய கதையைக் கேளுங்கள். 1805 செப்டம்பரில் செபுலன் பைக் என்கிற இளம் ராணுவ அதிகாரி அங்கே வருகிறார். டகோட்டா தலைவர்கள் ஏழு பேர் கூடியிருக்கிறார்கள். இரண்டு பேர் மட்டும் கையெழுத்து வைக்கிறார்கள். சுமார் 1,00,000 ஏக்கர் என்று கணக்கு. ஒப்பந்தத்தில் விலை எழுத வேண்டிய இடம் காலியாக விடப்பட்டிருந்தது. அன்றைக்குக் கொடுத்தது கொஞ்சம் பரிசுப் பொருள்களும் சாராயமும். அந்த நிலம் 2,00,000 டாலர் பெறும் என்று பைக்கே மதிப்பிட்டார். 1808இல் அமெரிக்க செனட் அந்தக் காலி இடத்தில் எழுதிய தொகை 2,000 டாலர். நூற்றில் ஒரு பங்கு. வெற்றுப் பத்திரத்தில் கைநாட்டு வாங்கி நிலத்தை எழுதிக்கொண்ட கதைகள் நம் பாட்டன்மார்களிடம் நிறையவே உண்டு. அதனால் இதை அதிகம் விளக்க வேண்டியதில்லை.

1819இல் படை வந்தது. அடுத்த ஆண்டு கட்டுமானம் தொடங்கியது. கர்னல் ஜோசையா ஸ்னெல்லிங் தலைமையில் படைவீரர்களே கல் உடைத்துக் கட்டினார்கள். 1825இல் அவர் பெயரே கோட்டைக்கு வந்தது. பிரிட்டிஷ் வணிகர்களைத் தள்ளி வைப்பது, தோல் வணிகத்தைக் கட்டுப்படுத்துவது, டகோட்டா, ஒஜிப்வே மக்கள்மீது ஒரு கண் வைத்திருப்பது என்பதெல்லாம் அதன் வேலைகள்.

இப்போது கோட்டைக்குள் போவோம். 1820ஆம் ஆண்டு மிசூரி சமரசச் சட்டத்தின்படி அந்தப் பகுதியில் அடிமைமுறை சட்டவிரோதம். தாளில் அப்படித்தான் இருந்தது. ஆனால் அந்தக் கோட்டையில் அடிமைகள் இருந்தார்கள். 1820களிலும் 30களிலும் ஒரே சமயத்தில் 15 முதல் 30க்கும் மேற்பட்ட கறுப்பின அடிமைகள் வரை அங்கே இருந்திருக்கலாம் என்று இன்று அந்தக் கோட்டையை நிர்வகிக்கும் மின்னசோட்டா வரலாற்றுக் கழகமே மதிப்பிடுகிறது. கர்னல் ஸ்னெல்லிங்கும் அடிமைகளை வைத்திருந்தார். பிற்காலத்தில் அமெரிக்கக் குடியரசுத் தலைவரான சக்காரி டெய்லர் 1828இல் அந்தக் கோட்டைத் தளபதியாக இருந்தவர், அவரும் வைத்திருந்தார்.

இது எப்படி நடந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். வேலையாள் வைத்துக்கொள்வதற்காக ராணுவம் அதிகாரிகளுக்குத் தனிப் படி கொடுத்தது. சம்பளம், சாப்பாடு, துணி எல்லாவற்றுக்கும். கூலிக்கு ஆள் வைத்தால் அந்தப் பணத்தைக் கொடுக்க வேண்டும். அடிமையை வைத்தால் கூலிப் பணம் அதிகாரியின் பைக்குள் போகும். ஆக, அடிமைமுறையைத் தடைசெய்த அதே அரசு, தன் கருவூலத்திலிருந்தே அடிமைமுறைக்குப் பணம் கொடுத்தது. மலம் அள்ளும் தொழிலுக்கு மனிதர்களை அமர்த்துவதைச் சட்டம் போட்டுத் தடுத்துவிட்டு, அரசு நிறுவனங்களே ஒப்பந்தக்காரர் வழியாக அவர்களைக் குழிக்குள் இறக்கும் நாட்டில் வாழ்கிறவர்களுக்கு இது புதிதாக இருக்காது.

அங்கே ரேச்சல் என்று ஒரு பெண். அதிகாரி ஒருவர் அவரை இந்தக் கோட்டையில் அடிமையாக வைத்திருந்தார். பிறகு மிசூரியில் விற்கப்பட்டபோது அவர் வழக்குப் போட்டார். அடிமைமுறை இல்லாத நிலத்தில் என்னை வைத்திருந்தீர்கள், அதனால் நான் விடுதலை பெற்றவள் என்பது அவர் வாதம். 1836இல் மிசூரி உச்ச நீதிமன்றத்தில் ரேச்சல் வென்றார். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நமக்குப் பாடப்புத்தகத்தில் தெரிய வருவது தோற்ற வழக்கு மட்டும்தான். அதே வாதத்தை வைத்து ஜெயித்த ஒரு பெண் முன்னமே இருந்தார்.

அதே 1836இல் ராணுவ மருத்துவர் ஜான் எமர்சன் தன் அடிமையாக ஒருவரை அந்தக் கோட்டைக்கு அழைத்து வருகிறார். அவர் பெயர் ட்ரெட் ஸ்காட். அங்கே ஹேரியட் ராபின்சன் என்ற இளம்பெண்ணைச் சந்திக்கிறார். ஹேரியட், பூர்வகுடிகளுக்கான அரசு முகவர் லாரன்ஸ் டாலியஃபெரோவின் அடிமை. இருவரும் கோட்டையில் திருமணம் செய்துகொள்கிறார்கள். அடிமைகளின் திருமணத்தைத் தெற்கு மாநிலங்களின் சட்டம் ஒப்புக்கொள்ளாது. ஆனால் இந்தத் திருமணத்தை நடத்தி வைத்தவர் அமைதி நீதிபதிப் பொறுப்பில் இருந்த டாலியஃபெரோவே. கோட்டை மருத்துவமனையின் கீழே இருந்த அடித்தள அறையில் அவர்கள் குடியிருந்ததாக நம்பப்படுகிறது.

1846இல் செயின்ட் லூயிஸ் நகரில் ட்ரெட், ஹேரியட் இருவருமே தனித்தனியாக விடுதலை கேட்டு வழக்குப் போட்டார்கள். ரேச்சல் வைத்த அதே வாதம். பதினோரு ஆண்டு இழுத்தது. 1857 மார்ச் 6ஆம் தேதி அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. ஏழு நீதிபதிகள் ஒரு பக்கம், இரண்டு பேர் மறுபக்கம். கறுப்பர்கள், அடிமையாக இருந்தாலும் விடுதலை பெற்றவராக இருந்தாலும், அமெரிக்கக் குடிமக்கள் ஆக முடியாது என்றது. அந்த நிலப்பகுதிகளில் அடிமைமுறையைத் தடைசெய்ய நாடாளுமன்றத்துக்கு அதிகாரமே இல்லை என்றது. உள்நாட்டுப் போரை நோக்கி நாட்டைத் தள்ளிய தீர்ப்புகளில் அது முதன்மையானது. சில வாரங்களில் வேறொருவர் வழியாக ஸ்காட் குடும்பத்துக்கு விடுதலை கிடைத்தது. ட்ரெட் அடுத்த ஆண்டே இறந்தார். ஹேரியட் 1876 வரை செயின்ட் லூயிசில் வாழ்ந்தார். அவர் புதைக்கப்பட்ட இடம் எது என்பதே இந்த நூற்றாண்டில்தான் கண்டறியப்பட்டது.

இங்கே நமக்கு நேரடித் தொடர்பு ஒன்று உண்டு. 1873இல் மகாத்மா ஜோதிராவ் புலே 'குலாம்கிரி' எழுதினார். அடிமைகளை விடுவிப்பதற்காகப் பாடுபட்ட அமெரிக்க மக்களுக்கு அதைக் காணிக்கை ஆக்கினார். அந்த நூல் புனேயில் வெளிவந்தபோது ஹேரியட் ஸ்காட் உயிரோடு இருந்தார். சாதி ஒழிப்பு மரபு தொடக்கம் முதலே கடல் கடந்து பார்த்தது. 1946இல் அண்ணல் டு போய்சுக்குக் கடிதம் எழுதியதும் அந்தத் தொடர்ச்சிதான்.

ஆனால் அந்தக் காணிக்கையைப் பெற்ற நாட்டின் இன்னொரு பக்கமும் இந்தக் கோட்டையில்தான் இருக்கிறது. 1851 ஒப்பந்தங்களில் டகோட்டா மக்கள் மின்னசோட்டாவின் தெற்குப் பகுதி நிலத்தில் பெரும்பாலானதை இழந்தார்கள். பதிலுக்கு ஆண்டுதோறும் பணம் என்று பேச்சு. 1862இல் விளைச்சல் இல்லை, பணமும் வரவில்லை. கிடங்கில் உணவு இருந்தும் கொடுக்கவில்லை. ஆகஸ்டில் போர் வெடித்தது. குடியேறியவர்கள் பல நூறு பேர் கொல்லப்பட்டார்கள், அதையும் சொல்லத்தான் வேண்டும். சில வாரங்களில் போர் முடிந்தது. ராணுவ விசாரணையில் 303 பேருக்கு மரண தண்டனை. சில விசாரணைகள் நிமிடக்கணக்கில் முடிந்தன. ஆபிரகாம் லிங்கன் பட்டியலைப் பார்த்துக் குறைத்தார். 1862 டிசம்பர் 26 அன்று மன்கேட்டோ நகரில் 38 பேரை ஒரே மேடையில் தூக்கிலிட்டார்கள். அடுத்த ஆறாம் நாள், 1863 ஜனவரி 1, அடிமைகள் விடுதலைப் பிரகடனத்தில் லிங்கன் கையெழுத்திட்டார். இரண்டுமே அதே வாரம். ஒருவருடைய விடுதலை இன்னொருவருடைய விடுதலையைத் தானாகக் கொண்டுவந்துவிடாது என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம்.

போரில் ஈடுபடாத சுமார் 1,600 டகோட்டா மக்களை, பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள், முதியவர்கள், அந்த நவம்பரில் நாள்கணக்கில் நடத்திக் கூட்டிவந்தார்கள். வழியில் இருந்த ஊரில் வெள்ளையர் கூட்டம் அவர்களைத் தாக்கியது. ஸ்னெல்லிங் கோட்டைக்குக் கீழே, ஆற்றங்கரைச் சமவெளியில், பலகை வேலி அடித்து உள்ளே அடைத்தார்கள். மின்னசோட்டாக் குளிர்காலம். அம்மை உள்ளிட்ட நோய்கள். 130 முதல் 300 பேர் வரை அந்த ஒரே குளிர்காலத்தில் இறந்தார்கள். எங்கே? இரண்டு நீர் கூடும் இடத்தில். தங்கள் மக்கள் தோன்றிய மண் என்று அவர்கள் சொல்லும் அதே இடத்தில். 1863 மே மாதம் மிஞ்சியவர்களைப் படகுகளில் ஏற்றி மாநிலத்தை விட்டே அனுப்பினார்கள்.

அதன் பிறகும் கோட்டைக்கு நீண்ட ஆயுள். 1880களில் கறுப்பின வீரர்களைக் கொண்ட 25ஆம் காலாட்படை அங்கே இருந்தது. இரண்டாம் உலகப் போரில், ஜப்பானிய அமெரிக்கர்களின் குடும்பங்களை முகாம்களில் அடைத்து வைத்துக்கொண்டே, அவர்களுடைய பிள்ளைகளை ராணுவ உளவுக்காக மொழிப் பள்ளியில் பயிற்றுவித்ததும் அங்கேதான். 1946இல் ராணுவம் வெளியேறியது.

இப்போது மீட்புக்கு வருவோம். 1950களின் நடுவில், பழைய கோட்டை இருந்த இடத்தின் வழியாக நெடுஞ்சாலை போடத் திட்டம் வந்தது. மக்கள் எதிர்த்தார்கள். சாலை சுரங்கமாகக் கீழே இறக்கப்பட்டது. 1957இல் அகழாய்வு தொடங்கியது. 1960இல் தேசிய வரலாற்றுச் சின்னம் ஆனது. அப்போது பழைய கட்டடங்களில் எஞ்சியிருந்தவை நான்கு மட்டுமே: வட்டக் கோபுரம், அறுகோணக் கோபுரம், தளபதி வீடு, அதிகாரிகள் குடியிருப்பு. சுற்றுச்சுவர் போய்விட்டது. 1960களின் நடுவிலிருந்து 70களின் இறுதி வரை எல்லாவற்றையும் புதிதாகக் கட்டினார்கள். பிற்காலத்தில் சேர்ந்தவற்றை அகற்றினார்கள். கோட்டையை எந்த ஆண்டுக்குத் திருப்புவது என்று ஒரு முடிவு எடுக்க வேண்டியிருந்தது. 1820களுக்கு என்று எடுத்தார்கள்.

கட்டடக்கலை பார்வையில் அது நியாயமான முடிவு. கோட்டை முழுமையாக இருந்த காலம் அது. ஆனால் அந்த முடிவு என்ன செய்தது என்று பாருங்கள். 1820களில் ட்ரெட் ஸ்காட்டும் ஹேரியட்டும் திருமணம் செய்துகொள்ளவில்லை. 1820களில் ஆற்றங்கரையில் பலகை வேலி இல்லை. அந்த ஆண்டுகளில் அடிமைகள் இருந்தார்கள்தான், ஆனால் சீருடை அணிந்த வழிகாட்டிகளும், பீரங்கி வெடிப்பும், கொல்லன் பட்டறையும் பார்க்க வரும் பள்ளிப் பிள்ளைகளுக்கு அவர்களைக் காட்டும் எண்ணம் அன்று பெரிதாக இல்லை. யாரும் பொய் எழுதவில்லை. ஒரு ஆண்டைத் தேர்ந்தெடுத்தார்கள், அவ்வளவுதான். அந்தத் தேர்விலேயே குற்றம் கோட்டையிலிருந்து விலகிவிட்டது.

இதைக் கேள்வி கேட்டவர்கள் டகோட்டா மக்கள். 2002 முதல் அவர்கள் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை அந்த 1862 நடையை நினைவுகூர்ந்து நவம்பர் குளிரில் கோட்டை வரை நடந்தார்கள். வாசியாட்டவின் என்ற டகோட்டா அறிஞரும் அவரோடு இருந்தவர்களும் கோட்டையையே இடியுங்கள் என்றார்கள். கேட்டதும் திடுக்கென்று இருக்கும். ஆனால் யோசியுங்கள். இடிக்கச் சொன்ன சுவரில் பெரும்பகுதி நம் அப்பா அம்மா காலத்தில் கட்டியது. தன் மக்களை அடைத்து வைத்த இடத்தின் மேல், நூறு ஆண்டு கழித்து, பொதுப்பணத்தில் ஒரு நினைவுச் சின்னத்தை மறுபடி எழுப்பிப் பீரங்கி வெடித்துக் கொண்டாடினால் அவர்களுக்கு எப்படி இருக்கும்? கோட்டை இருக்கட்டும், ஆனால் நடந்ததை முழுவதும் சொல்லட்டும் என்று சொன்ன டகோட்டா மக்களும் உண்டு. நான் இரண்டாவது பக்கம் நிற்கிறேன். இடித்துவிட்டால் குற்றவாளிக்கும் அது வசதிதான். ஆனால் முதல் குரல் அவ்வளவு உரக்க ஒலிக்காமல் இருந்திருந்தால் இரண்டாவது கோரிக்கைக்கு யாரும் காது கொடுத்திருக்க மாட்டார்கள் என்றும் நினைக்கிறேன்.

காது கொடுத்தார்கள். அடிமைகளின் கதை, முகாமின் கதை, ஜப்பானிய அமெரிக்கர்களின் கதை எல்லாம் காட்சிக்கு வந்தன. வரவேற்புப் பலகையில் கோட்டையின் பெயரோடு 'ப்டோட்டேயில்' என்று ஒரு சொல்லைச் சேர்த்தார்கள். ஒரே ஒரு சொல். 2019இல் மாநில செனட்டில் பெரும்பான்மையாக இருந்த குடியரசுக் கட்சியினர், வரலாற்றைத் திரிக்கிறார்கள் என்று சொல்லி, வரலாற்றுக் கழகத்தின் நிதியில் ஆண்டுக்கு 40 லட்சம் டாலரை வெட்ட முன்மொழிந்தார்கள். கடைசியில் அந்த வெட்டு நிறைவேறவில்லை. கோட்டைக்கு இன்றும் ஸ்னெல்லிங் பெயர்தான். 2022இல் புதிய பார்வையாளர் மையம் திறந்து, எல்லாக் கதைகளுக்கும் முன்பைவிட அதிக இடம் கொடுத்திருக்கிறார்கள்.

ஒரு பெயருக்கு இவ்வளவு ஆத்திரமா என்று கேட்காதீர்கள். நமக்குத் தெரியும். பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையைக் கும்பினிப் படை தரைமட்டமாக்கியது. இன்று நாம் போய்ப் பார்ப்பது 1974இல் தமிழ்நாடு அரசு எழுப்பிய நினைவுக் கோட்டை. அதுவும் மறுபடி கட்டிய கோட்டைதான். அந்தப் போரில் உயிர் கொடுத்ததாக மக்கள் நினைவில் வாழ்கிறவர் கவர்னகிரி சுந்தரலிங்கம், தேவேந்திரர் சமூகத்தைச் சேர்ந்தவர். 1997இல் ஓர் அரசுப் போக்குவரத்துக் கழகத்துக்கு அவர் பெயரை வைத்தார்கள். அந்தப் பெயர் எழுதிய பேருந்தில் ஏற மாட்டோம் என்று ஆதிக்கச் சாதியினர் கிளம்பினார்கள். தென் மாவட்டங்களில் கலவரம், உயிர்ப்பலி. முடிவில் அரசு என்ன செய்தது? போக்குவரத்துக் கழகங்களிலிருந்தும் மாவட்டங்களிலிருந்தும் எல்லாத் தலைவர்களின் பெயரையும் எடுத்துவிட்டது. ஒரு தலித் பெயரோடு சேர்ந்து இருப்பதைவிட யார் பெயருமே வேண்டாம் என்று ஆனது. மின்னசோட்டாவில் ஒரு சொல் தப்பித்தது. இங்கே ஒரு பெயர் தப்பிக்கவில்லை.

அதனால் தோழர்களே, புதுப்பித்த எந்தக் கோட்டைக்குப் போனாலும், அரண்மனைக்குப் போனாலும் மூன்று கேள்விகளைக் கையோடு கொண்டு போங்கள். இதை எந்த ஆண்டுக்குத் திருப்பியிருக்கிறார்கள், அந்த ஆண்டை யார் தேர்ந்தெடுத்தார்கள்? உள்ளே அடித்தள அறையில் இருந்தது யார், சமைத்ததும் துவைத்ததும் கழிவை அள்ளியதும் யார்? மதிலுக்கு வெளியே, கீழே, ஆற்றங்கரையில் யாரை வைத்திருந்தார்கள்?

பலகையில் பதில் இருக்காது. கோட்டையை ஒட்டிய குடியிருப்பில் இருக்கலாம். படம் எடுத்துக்கொண்டு திரும்பாமல், அங்கே போய் ஒரு பாட்டியிடம் உட்கார்ந்து கேளுங்கள். கேட்டதைத் தேதி போட்டு எழுதி வையுங்கள். அகழி வெட்டியது யார், எந்தக் கிணற்றில் யார் தண்ணீர் எடுக்கக் கூடாது என்று இருந்தது, எந்த வாசல் வழியாக யார் வரக் கூடாது என்று இருந்தது என்பதெல்லாம் இன்னும் சிலருக்கு நினைவிருக்கிறது. அடுத்த முறை அரசு நிதி ஒதுக்கி மதிலைப் பூசும்போது, எங்களிடம் ஒரு பட்டியல் இருக்கிறது, இந்த ஆண்டையும் சேருங்கள் என்று சொல்ல நம் கையில் தாள் இருக்க வேண்டும். டகோட்டா மக்களிடம் இருந்தது. அந்தக் குளிர்காலத்தில் தப்பிப் பிழைத்தவர்கள் தங்கள் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லி வைத்திருந்தார்கள்.

தௌலதாபாத் வாசலில் அந்தக் குளத்தில் முகம் கழுவியதை அண்ணல் எழுதி வைத்ததால்தான் இன்று நான் அதைச் சொல்லி உங்கள் முன்னால் பேச்சைத் தொடங்க முடிந்தது.